கோடு எங்கே தொடங்குகிறது

அன்புள்ள கண்ணுக்கு,

அத்தை எழுதிக்கொள்வது. போனில் பேசினால் "சரிங்கத்தை, சரிங்கத்தை" என்று கேட்டுக்கொண்டு வைத்துவிடுவாய். கடிதமென்றால் இரண்டு தடவையாவது படிப்பாய் என்றுதான் எழுதுகிறேன்.

கூலிக்குத் தைத்துக்கொடுக்கும் பவர் டேபிள் போடுவதற்கு நீ எழுதி அனுப்பிய கணக்கைப் பார்த்தேன். உன் அம்மா, என் அண்ணி, இதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அவள் பேசாமலிருந்தால் என்ன அர்த்தமென்று உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். முடிவு உன்னுடையது, அதில் மாற்றமில்லை. ஆனால் லோன் பேப்பரில் கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒரு கிராஃப் தாளை எடுத்துவைத்து நான் சொல்கிறபடி ஒரு கோடு போட்டுப் பார்.

பீஸுக்குக் கம்பெனி தருவது 14 ரூபாய். தையல் கூலி, நூல், கரண்ட், டெம்போ வாடகை போக 4 ரூபாய் நிற்கும் என்று எழுதியிருக்கிறாய். ஒரு நாளைக்கு 700 பீஸ், மாதம் 25 நாள், ஆக 17,500 பீஸ், 70,000 ரூபாய். அந்த 70,000-ஐச் சுற்றி வட்டம் போட்டு, பக்கத்தில் உன் மெர்ச்சண்டைசர் சம்பளம் 24,000 என்று குறித்திருக்கிறாய். கட்டட வாடகை, மெஷின் தவணை, சூப்பர்வைசர் சம்பளம் மூன்றும் சேர்ந்த 48,000 அடுத்த பக்கத்தில் தனியாகக் கிடக்கிறது. இரண்டு பக்கத்தையும் நீ ஒரே சமன்பாட்டில் சேர்க்கவே இல்லை.

சேர்த்தால் இப்படி வரும்: கையில் நிற்பது = 4 × பீஸ் − 48,000.

படுக்கை அச்சில் பீஸ். ஒரு சென்டிமீட்டருக்கு 2,000. நிமிர்ந்த அச்சில் ரூபாய். ஒரு சென்டிமீட்டருக்கு 10,000. நிமிர்ந்த அச்சைப் பூஜ்யத்துக்குக் கீழேயும் ஐந்து சென்டிமீட்டர் நீட்டிக்கொள். முதல் புள்ளி அங்கேதான், −48,000-இல் விழும். அடுத்த புள்ளி 12,000 பீஸில். அங்கே கோடு படுக்கை அச்சைத் தொடும். அதுவரை நீ தைத்ததெல்லாம் வாடகைக்கும் வங்கிக்கும். இப்போது 24,000-இல் படுக்கையாக இன்னொரு கோடு போடு, அது உன் சம்பளம். இரண்டும் வெட்டிக்கொள்ளும் இடத்திலிருந்து கீழே இறங்கினால் 18,000 பீஸ். நீ தைக்கப்போவதாகச் சொல்வது 17,500. உன் கணக்கு முழுசாகப் பலித்தாலே 22,000 தான் நிற்கிறது, கண்ணு. இப்போது வாங்குவதைவிட 2,000 குறைவு.

நீ படித்தபோது பத்தாம் வகுப்பில் கிராஃப் கணக்குக்கு 10 மதிப்பெண் இருந்தது. நீ ஒரு பரீட்சையிலும் அதை விட்டதில்லை, நான்தான் பக்கத்தில் உட்கார்ந்து போடவைத்தேன். மணிக்கு 40 கிலோமீட்டரில் போகும் பஸ், மூத்த குடிமக்கள் டெபாசிட்டுக்கு 10 சதவீதத் தனிவட்டி என்று வரும் கணக்குகள் ஞாபகமிருக்கிறதா? எல்லாம் நேர் மாறல். எல்லாக் கோடும் ஆதிப்புள்ளியிலிருந்து அழகாகக் கிளம்பும். பூஜ்யம் மணி நேரத்துக்குப் பூஜ்யம் தூரம், யாருக்கும் நஷ்டமில்லை. அதையே போட்டுப் போட்டுப் பழகிய பிள்ளைகளுக்கு உலகத்துக் கோடெல்லாம் ஆதியிலிருந்துதான் கிளம்பும் என்று கை படிந்துவிடுகிறது. இது என் நெடுநாள் ஆதங்கம். தொழிலில் எந்தக் கோடும் அங்கிருந்து கிளம்புவதில்லை.

நீ சென்னையில் ஆட்டோவுக்குக் கொடுத்த காசைப் பார். 2013-இல் அரசு வைத்த கட்டணம் முதல் 1.8 கிலோமீட்டருக்கு 25 ரூபாய், அதற்குமேல் கிலோமீட்டருக்கு 12. சமன்பாடாக எழுதினால் கட்டணம் = 25 + 12 × (தூரம் − 1.8). சுருக்கினால் 12 × தூரம் + 3.40. பத்து கிலோமீட்டருக்கு 123 ரூபாய் 40 காசு. ஆனால் இது 1.8-க்கு முன்னால் செல்லாது. அங்கே கோடு 25-இல் படுத்துக்கிடக்கும். எந்தச் சமன்பாட்டை எழுதினாலும் எங்கிருந்து எங்குவரை செல்லும் என்று பக்கத்தில் எழுதிவிட வேண்டும். உன் கோடும் அப்படித்தான். 17,500-க்குமேல் தைக்க வேண்டுமென்றால் புது மெஷின், புதுத் தவணை. 48,000 அப்படியே இருக்காது, கோடு அங்கே ஒரு படி கீழே இறங்கி மறுபடி ஏறும்.

முன்பு உன் அப்பாவுக்குத் தறி போட்டுக்கொடுத்த ஆளும் ஆதிப்புள்ளிக் கோட்டைத்தான் காட்டினார். திண்ணையில் உட்கார்ந்து, மீட்டருக்கு இவ்வளவு கூலி, நாளைக்கு இத்தனை மீட்டர் என்று பெருக்கிப் பெருக்கிக் காட்டினார். ஷெட் வாடகை, தவணை, தறி மெக்கானிக் சம்பளம் எதையும் வாயால்கூடச் சொல்லவில்லை. பாவு நூல் அவர் கொடுப்பது, கூலி அவர் வைப்பது, நிறுத்துவதும் அவர்தான். கூலி உயர்வு கேட்டுத் தறியெல்லாம் நின்ற மாதங்களில் மீட்டர் பூஜ்யம். பூஜ்யத்தைச் சமன்பாட்டில் போட்டால் என்ன வரும் என்று நீயே பார். சாய்வு இருக்கிற உறுப்பு பூஜ்யமாகிவிடும், கீழே இருக்கிற அந்த எண் மட்டும் முழுசாக நிற்கும். தோட்டம் போனது அந்த எண்ணுக்குத்தான். அண்ணி வளையல் போனதும் அதற்குத்தான். அந்த ஆள் பிறகு கல்யாண வீடுகளில் வந்து சிரித்துப் பேசுவார். நான் இன்றைக்கும் அவரிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை.

சரி, அதை விடு. உனக்கு வருகிறேன்.

அதே தாளில் இன்னொரு கோடு போட்டுவிடு. கம்பெனி 14-ஐ 13 ஆக்கிவிட்டதென்று வைத்துக்கொள். தீபாவளி சீசன் முடிந்த மந்தத்தில் ஒரு ரூபாய் குறைத்துக் கேட்பது திருப்பூரில் புதிதில்லை, உனக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். தொடக்கம் அதே −48,000, சாய்வு மட்டும் 3. அச்சைத் தொடவே 16,000 பீஸ் வேண்டும். 17,500 தைத்தால் நிற்பது 4,500 ரூபாய். ஒரே ஒரு ரூபாய், 22,000-ஐ 4,500 ஆக்குகிறது. இதில் பில் பணம் எப்போது வரும் என்பது இல்லை. கோடு லாபத்தைத்தான் காட்டும், மாதம் பிறந்ததும் வங்கிக்குக் கட்டக் கையில் காசிருக்குமா என்பதைக் காட்டாது. அதற்குத் தனித்தாள் போட வேண்டும்.

உன் ஆசை எனக்குப் புரியாமலில்லை. அடுத்தவருக்கு ஓடி ஓடி ஷிப்மென்ட் அனுப்பிக்கொண்டே இருக்க யாருக்கும் அலுக்கும். தொழிலே வேண்டாமென்று நான் சொல்லவில்லை. சாய்வை நீ நிர்ணயிக்க முடியாது, அதைக் கம்பெனி நிர்ணயிக்கும். கோடு எவ்வளவு கீழே தொடங்குவது என்பது மட்டும்தான் உன் கையில் இருக்கிறது. பழைய மெஷின் நாலு வாடகைக்கு எடுத்து, லோன் இல்லாமல், நிலையான செலவை 15,000-க்குள் அடக்கினால் 3,750 பீஸில் கோடு மேலே வந்துவிடும். நாளைக்கு 150 பீஸ். அண்ணி பகலில் பார்த்துக்கொள்வாள், அவளுக்கு ஓவர்லாக் கைவந்த வேலை. உன் வேலையும் இருக்கும். ஒரு தீபாவளியும் ஒரு பொங்கலும் அப்படி ஓட்டிப் பார்த்துவிட்டு, நாளைக்கு எத்தனை பீஸ் உண்மையில் இறங்குகிறது என்று நோட்டில் எழுதி, அந்தப் புள்ளிகளைத் தாளில் வைத்துப் பார். அவை நீ எழுதிய கோட்டில் உட்கார்ந்தால் அப்புறம் பெரிதாகப் போடலாம். அதையெல்லாம் பார்க்காமல் பெரிய லோனில்தான் இறங்குவேன் என்றாலும் அது உன் முடிவுதான், நான் குறுக்கே நிற்கமாட்டேன்.

நிறைய எழுதிவிட்டேனோ? கோபித்துக்கொள்ளாதே, தங்கம். நம் வீட்டில் உன்னைப்போல் கெட்டிக்காரி யாரும் பிறக்கவில்லை, உன்னால் எதுவும் முடியும், எனக்கு அதில் துளிச் சந்தேகமில்லை. நீ கேட்டால் என் பெயரில் இருக்கிற டெபாசிட்டைக்கூட எடுத்துத் தருகிறேன், மாமாவிடம் நான் பேசிக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை தாளை எடுத்துக்கொண்டு வா. அரிசிம்பருப்புச் சோறு ஆக்கிவைக்கிறேன், நெய் ஊற்றிச் சாப்பிடுவாய். ராத்திரி வண்டியில் தனியாக வராதே, பஸ்ஸிலேயே வா. இறங்கியதும் போன் பண்ணு, மாமா ஸ்டாண்டுக்கு வந்துவிடுவார்.

அன்புடன்,
உன் அத்தை