விரட்டப்பட்டவர்கள் வேர்விட்ட கரை



நிந்தவூரில் ஒரு வீட்டிலே பிறப்புப் பத்திரத்தை எடுத்துப் பார்த்தால், இனம் என்ற இடத்தில் "இலங்கைச் சோனகர்" என்று இருக்கும். அதையே ஆங்கிலத்தில் எழுதும்போது "மூர்" என்று எழுதுகிறார்கள். இந்த "மூர்" என்ற சொல் எமது கரையில் பிறந்ததல்ல. ஸ்பெயின் நாட்டவரும் போர்த்துக்கேயரும் தங்கள் நாட்டிலும் வட ஆபிரிக்காவிலும் வாழ்ந்த முஸ்லிம்களை அழைத்த பெயர் அது. கப்பலேறி இங்கு வந்தபோது, கண்ட முஸ்லிம்களுக்கும் அதே பெயரைச் சூட்டினார்கள். பெயரோடு பகையையும் கூடவே கொண்டுவந்தார்கள்.

அந்தப் பகை எமது கரையின் குடியேற்றத்தோடு எவ்வாறு தொடர்புபட்டது என்பதை இம்முறை படிப்போம். 1990இன் கலவரங்களிலும் 2004 டிசம்பர் 26இன் கடற்கோளிலும் ஊரையும் வயலையும் விட்டு ஓடியவர்களுக்கு இது வெறும் பழங்கதை அல்ல.

ஏரியில் நின்ற நகரம்

முதலில் தூரத்தில் நடந்ததைப் பார்ப்போம். இன்று மெக்சிக்கோ என்று அழைக்கப்படும் நாட்டில், ஓர் ஏரியின் நடுவே தெனோச்சித்தித்லான் என்ற பெருநகரம் இருந்தது. அஸ்தெக் மக்களின் தலைநகரம் அது. ஏரிக்குள் சேற்றைக் குவித்து மேட்டுப் பாத்திகள் அமைத்து, சோளன், அவரை, கொச்சிக்காய் எல்லாம் பயிரிட்டார்கள். "சினாம்பா" எனப்படும் அந்தப் பாத்திகளில் சில இன்றும் சொச்சிமில்கோ என்ற இடத்தில் இருக்கின்றன. நாம் கறிக்குப் போடும் கொச்சிக்காயும், அவித்துத் தின்னும் சோளனும் அந்த மக்கள் நெடுங்காலம் வளர்த்தெடுத்த பயிர்கள்தான்.

1519இல் ஹேர்னான் கோர்த்தேஸ் என்ற ஸ்பானியன் சில நூறு போர்வீரரோடு அங்கே வந்தான். சில நூறு பேர் ஒரு பேரரசை எப்படி வீழ்த்தினார்கள்? பீரங்கியும் குதிரையும் மட்டும் காரணமல்ல. அஸ்தெக் அரசுக்குத் திறை கட்டிக் களைத்துப் போயிருந்த அயல் மக்கள் பலர் இருந்தார்கள். தலாஸ்கலா நாட்டவர் அஸ்தெக்கரின் பழைய பகைவர். இவர்கள் ஆயிரக்கணக்கில் ஸ்பானியரோடு சேர்ந்தார்கள். 1520இல் பரவிய பெரியம்மை நோய் மீதியைச் செய்தது. நகருக்கு வந்த நன்னீரை மறித்து முற்றுகையிட்டார்கள். 1521 ஆகஸ்ட் 13ஆம் திகதி நகரம் விழுந்தது. அதன் கோயில்களை இடித்து, அந்தக் கற்களின் மேலேயே புது நகரத்தைக் கட்டினார்கள்.

அந்த மக்கள் அணை கட்டித் தண்ணீரை ஆண்டவர்கள். வந்தவர்களுக்கு அந்த அறிவு இல்லை. பழைய அணைகள் சீர்குலைந்தன. 1629இல் வந்த வெள்ளம் அந்தப் புது நகரத்தை ஐந்து வருடங்கள் வரை நீரில் மூழ்க வைத்தது. வட்டையின் நீரோட்டம் தெரியாதவன் வாய்க்காலில் கைவைத்தால் என்ன ஆகும் என்பதை எமது விவசாயிகளுக்கு நாம் சொல்லத் தேவையில்லை.

அதே 1521இல் கோட்டையில்

போர்த்துக்கேயர் எமது தீவுக்கு முதலில் வந்தது 1505 அளவில். அப்போது கோட்டை இராச்சியத்தின் தலைநகரும் தியவன்னாவையும் சதுப்பு நிலத்தையும் அரணாகக் கொண்ட நீர் நகரமாகவே இருந்தது. 1518இல் கொழும்பில் போர்த்துக்கேயர் கோட்டை கட்டத் தொடங்கினர்.

தெனோச்சித்தித்லான் விழுந்த அதே 1521இல் கோட்டை மன்னன் விஜயபாகுவை அவனுடைய பிள்ளைகளே சதிசெய்து கொல்வித்து, நாட்டை மூன்றாகப் பங்கிட்டார்கள். கோட்டை புவனேகபாகுவுக்கு, சீதாவக்கை மாயாதுன்னைக்கு, றைகம மூன்றாம் சகோதரனுக்கு. தம்பி மாயாதுன்னைக்குப் பயந்து அண்ணன் போர்த்துக்கேயரின் துணையை நாடினான். துணைக்கு வந்தவர்களே கடைசியில் எசமானர் ஆனார்கள். 1551இல் புவனேகபாகு ஒரு போர்த்துக்கேயனின் துவக்குச் சூட்டில் இறந்தான். 1565இல் போர்த்துக்கேயர் அவனுடைய பேரன் தர்மபாலனையும் அழைத்துக்கொண்டு கோட்டை நகரத்தைக் கைவிட்டுக் கொழும்புக்குப் போனார்கள்.

அங்கே அஸ்தெக்கரும் தலாஸ்கலரும். இங்கே அண்ணனும் தம்பியும். இரண்டு இடத்திலும் அந்நியனுக்குக் கதவைத் திறந்தது வீட்டுக்குள் இருந்த சண்டைதான்.

கடதாசியால் போன நிலம்

1513 முதல் ஸ்பானியர் ஒரு விசித்திரமான பத்திரம் வைத்திருந்தார்கள். ஓர் ஊரைத் தாக்குமுன் அதை உரத்து வாசிப்பார்கள். "எங்கள் அரசனுக்குப் பணியுங்கள், இல்லாவிட்டால் வரும் அழிவுக்கு நீங்களே பொறுப்பு" என்பது அதன் சாரம். வாசித்ததோ ஸ்பானிய மொழியில். கேட்டவர்களுக்கு ஒரு சொல்லும் விளங்காது. பின்பு ஊரும் நிலமும் உழைக்கும் மக்களும் சேர்த்தே வந்தவர்களுக்குப் பங்கிடப்பட்டன.

எமது நாட்டிலும் கடதாசி வேலை செய்தது. பிள்ளையில்லாத தர்மபாலன் 1580இல் தன் இராச்சியத்தைப் போர்த்துக்கல் அரசுக்கு நன்கொடை உறுதியாக எழுதிக் கொடுத்தான். அந்த ஆண்டே போர்த்துக்கல் முடி ஸ்பெயின் மன்னன் இரண்டாம் பிலிப்பிடம் போய்ச் சேர்ந்தது. 1597இல் தர்மபாலன் இறந்தபோது கோட்டை இராச்சியத்தின் உரிமையாளன், இந்தத் தீவைக் கண்ணாலும் காணாத ஸ்பெயின் மன்னன்! 1640 வரை இந்த நிலைதான். போர்த்துக்கேயர் ஊர் ஊராக நிலம், மரம், இறை எல்லாவற்றையும் ஏட்டில் பதிந்தார்கள். "தோம்பு" என்ற சொல்லே அவர்கள் விட்டுப்போனது.

1626

ஸ்பெயினில் 1609 முதல் 1614 வரை ஒரு பெரிய வெளியேற்றம் நடந்தது. முன்பு கட்டாயமாகக் கிறிஸ்தவராக்கப்பட்ட முஸ்லிம்களின் சந்ததியினர் ஏறக்குறைய மூன்று இலட்சம் பேர் நாட்டைவிட்டுத் துரத்தப்பட்டார்கள். அவர்களில் பலர் நீர்ப்பாசனத்தில் கைதேர்ந்த விவசாயிகள். வலென்சியாப் பகுதியில் அவர்கள் போன பின் பல வயல்கள் தரிசாகக் கிடந்தன.

அதே நோய் கடல் கடந்தும் வந்தது. 1626இல் தங்கள் ஆட்சிக்கு உட்பட்ட இலங்கைப் பகுதிகளிலிருந்து போர்த்துக்கேயர் முஸ்லிம்களை வெளியேற்றினர். தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்ந்த குடும்பங்கள் வீட்டையும் கடையையும் விட்டு நடந்தன. அவர்களுக்கு வழிவிட்டவன் கண்டி மன்னன் செனரத், ஒரு பௌத்த அரசன். ஏறக்குறைய நாலாயிரம் பேரை அவன் தன் ஆட்சிக்குட்பட்ட மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என்று போர்த்துக்கேயக் குருவான குவேறோஸ் பின்னாளில் எழுதினார். அக்காலத்தில் மட்டக்களப்பு என்றால் இன்றைய அம்பாறைக் கரையும் சேர்ந்ததுதான்.

இரண்டு விடயங்களை நாம் மறக்கலாகாது. இந்தக் கரையின் முஸ்லிம்கள் எல்லோரும் அந்த நாலாயிரம் பேரின் வழிவந்தவர்கள் அல்லர். அதற்கு முன்னரும் இங்கு முஸ்லிம்கள் இருந்தார்கள். பின்னரும் வந்தார்கள். அடுத்து, செனரத் இரக்கத்தால் மட்டும் இதைச் செய்யவில்லை. கரையைக் காக்கவும் ஆள் தேவைப்பட்டது. அதில் பிழை இல்லை. இடங்கொடுப்பவனுக்கும் இடம்பெறுபவனுக்கும் பயன் இருந்தால் அந்த உறவு நிலைக்கும்.

வந்தவர்கள் அயலில் இருந்த தமிழரோடு பழகினார்கள். பக்கத்துத் தமிழ் ஊர்களைப் போலவே தாய்வழிக் குடி முறை இங்குள்ள முஸ்லிம் ஊர்களிலும் இருப்பதும், குடிக்கொரு மரைக்கார் என்று பள்ளிவாசல் நிருவாகம் நடந்து வந்ததும், மகளுக்கு வீடு கொடுக்கும் வழக்கமும் அந்தப் பழக்கத்தின் சாட்சிகள். வயல் வேலையில் இரு சமூகத்தின் பேச்சும் ஒன்றுதான்.

துரத்தியவரும் துரத்தப்பட்டார்

திருச்சபையின் பெயரால் எழுதும் நாம் ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். சிலுவையைத் தூக்கி வந்தவர்களே நல்லூரிலும் திருக்கோணமலையிலும் கோயில்களை இடித்தார்கள். முஸ்லிம்களைத் துரத்தியவர்களும் அவர்களே. 1658இல் ஒல்லாந்தர் போர்த்துக்கேயரை முற்றாக வெளியேற்றியபோது காலம் திரும்பியது. கத்தோலிக்கக் குருமார் தடைசெய்யப்பட்டனர். 1687இல் மாறுவேடத்தில் வந்த யோசேப் வாஸ் அடிகளார் 1692இல் கண்டிக்குச் சென்றார். முதலில் உளவாளி என்று சிறைவைத்த கண்டி அரசே பிறகு அவருக்குப் பாதுகாப்புக் கொடுத்தது. முஸ்லிம்களுக்குத் திறந்த அதே கதவு கத்தோலிக்கருக்கும் திறந்தது.

நாம் எடுத்துக்கொள்ள வேண்டியவை

முதலாவது, உங்கள் அயலவரோடு உள்ள பிணக்கை வெளியாள் ஒருவர் தீர்த்துத் தருகிறேன் என்று வந்தால், அவருக்கு அதில் என்ன இலாபம் என்று முதலில் கேளுங்கள். எல்லைத் தகராறை இரு ஊர்ப் பெரியவர்களும் வட்டவிதானையும் இருந்து பேசுவதே மேல்.

இரண்டாவது, விளங்காத மொழியில் உள்ள கடதாசியில் ஒப்பம் வைக்க வேண்டாம். நம்பிக்கையான ஒருவரைக் கொண்டு வாசித்து, விளங்கிய பின்பே கையொப்பமிடுங்கள். உறுதி, பேமிட், பழைய வரிப் பற்றுச்சீட்டு எதுவாயினும் பிரதி எடுத்து இன்னோர் இடத்திலும் வையுங்கள். பத்திரம் அழிந்திருந்தால் வயலின் நான்கு எல்லையையும், எல்லைக்காரரின் பெயரையும், எத்தனை போகம் செய்தீர்கள் என்பதையும் இன்றே எழுதி வையுங்கள். மூத்தவாப்பாவும் மூத்தம்மாவும் உயிரோடு இருக்கும்போதே கேளுங்கள்.

மூன்றாவது, ஒரு காலத்தில் இடம்பெற்றவர்களின் பிள்ளைகள் நாம் என்றால், இன்று இடம் கேட்டு வருபவரை எந்த மதத்தவர் என்று பார்த்து அளக்க எமக்கு முகமில்லை.

குழுவாகப் பேசுவதற்கு

1. உங்கள் ஊருக்கு உங்கள் குடும்பம் எங்கிருந்து, எக்காரணத்தால் வந்தது? முதலில் இடங்கொடுத்தவர் யார்?

2. நீங்கள் விட்டுவந்த வயலின் எல்லையை உங்களைத் தவிர வேறு யார் சாட்சியாகச் சொல்வார்? அவர் வேறு சமூகத்தவராயின் அவரோடு உங்கள் உறவு இன்று எப்படி இருக்கிறது?

3. இரு ஊரும் ஒரே வாய்க்காலில் தண்ணீர் எடுக்கும் இடங்களில், பிணக்கு வருமுன் செய்துகொள்ளக்கூடிய ஏற்பாடுகள் எவை?