வான் பாயுது

அக்கராயன்,
தை மாதம்

அன்பின் பெறாமகளுக்கு,

போன கிழமை போனில், 'சித்தப்பா, அங்க வெதர் எப்பிடி?' என்று கேட்டாய். 'பரவாயில்லை' என்று சொல்லிவிட்டேன். வைத்த பிறகுதான் உறைத்தது, எங்கள் ஊரில் ஒருத்தரும் அப்படிக் கேட்பதில்லை. 'அங்காலை மழையோ?', 'குளம் எத்தினை அடி?' என்றுதான் கேட்பார்கள்.

பள்ளிக்கூடத்தில் பெரும்பொழுது ஆறு என்று படித்தோம். ஆவணியும் புரட்டாதியும் கார்காலமாம். இங்கே ஆவணியில் குளத்தின் அலைகரையில் மாடு மேயும்! எங்களுக்கு மாரி, கோடை இரண்டுதான். பிலிப்பைன்ஸ்காரரும் மழைக்காலம், வெக்கைக்காலம் என்று இரண்டாகத்தான் சொல்கிறார்கள்.

மாரி மழை ஐப்பசியில் பிடிக்கும். 'துமிக்குது' என்றால் சைக்கிளை எடுக்கலாம். 'இருட்டுக் கட்டுது' என்றால் காயப்போட்டதையெல்லாம் அள்ள வேண்டும். குளம் நிரம்பி மிச்சத் தண்ணீர் வழிந்தால் 'வான் பாயுது' என்போம். புதிதாய் வந்தவர் அண்ணாந்து பார்ப்பார். இங்கே வான் என்பது குளத்து நீர் வழிந்தோடும் இடம். பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்துக்கு ஏற்றுகிறதும் வான்தான். வான் பாயும் நாளில் வான் வராது. நல்ல வருடத்தில் குளம் வான் பாய்வதைப் பார்க்க ஊரே கிளம்பும். 2018 டிசம்பர் 21 இரவு அப்படியில்லை. இரணைமடுக் குளத்தின் வான்கதவுகள் திறந்து, கிளிநொச்சியும் முல்லைத்தீவும் வெள்ளத்தில் கிடந்தன. அதற்குப் பிறகு அந்தச் சொல்லைக் கேட்டால் முதலில் வயிற்றைத்தான் கலக்குகிறது.

மாரி முடியக் குளத்தில் எத்தனை அடி தண்ணீர் நிற்கிறதோ, அதைப் பார்த்துத்தான் சிறுபோகத்துக்கு எத்தனை ஏக்கர் என்று முடிவெடுப்பார்கள். பிறகு சித்திரை. வருடப்பிறப்பை ஒட்டி நண்பகலில் சூரியன் உச்சந்தலைக்கு நேரே நிற்கும். 'வெயில் எறிக்குது' என்றால் நிழலில் ஒதுங்கலாம். 'அவியுது' என்றால் நிழலும் உதவாது. காற்று ஈரமாய் அசையாமல் நிற்பதால் வேர்வை காயாது. சோளகக் காற்று எழும்பினால்தான் விடிவு. அது புழுதியை வாரி முகத்தில் அடிக்கும், ஆனாலும் நான் சோளகத்தின் கட்சி.

இப்போது பனி. விடிய ஆறு மணிக்குக் குளக்கட்டில் நின்றால் கொக்கின் சத்தம் கேட்கிறது, கொக்கைக் காணவில்லை. மேகமில்லாத இரவில் நிலம் தன் சூட்டை விட்டுவிடும். மாரியில் நனைந்த வயலின் ஈரம் அந்தக் குளிரில் புகாராய் எழும்பும். அம்மா தலையில் துவாய் கட்டாமல் வெளியே விடமாட்டா, தடிமன் பிடிக்குமாம். நெல்லுக்கும் பயம் உண்டு. இலை நெடுநேரம் நனைந்தே கிடந்தால் எரிபந்த நோய் வரும்.

புல்லில் நிற்கும் துளியும் பனி, கண்ணை மறைக்கும் புகாரும் பனி. உங்கள் வாசலில் முழங்கால் அளவு கொட்டுவதும் பத்திரிகைத் தமிழில் பனிதான். எனக்கு அது போதாது என்று படுகிறது. நீங்கள் அங்கே அதற்கு என்ன சொல்கிறீர்கள்? 'ஸ்னோ' என்று மட்டும் எழுதாதே.

அன்புடன்,
சித்தப்பா