மரவட்டை: பயமும் உண்மையும்

ஐப்பசி மழை இரண்டு நாள் பெய்து ஓய்ந்ததும் வாசற்படியிலும் குளியலறைச் சுவரிலும் மரவட்டைகள் ஊரத் தொடங்கிவிடும். சில வீடுகளில் உப்பைக் கொட்டுகிறார்கள், சில வீடுகளில் மண்ணெண்ணெயை ஊற்றுகிறார்கள். உலகில் ஏறத்தாழ 12,000 மரவட்டை இனங்களுக்கு அறிவியல் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது. இவற்றைப் பற்றி மக்களிடையே உலவும் பல நம்பிக்கைகள் உண்மைக்குப் புறம்பானவை.

நம்பிக்கை: மரவட்டையும் பூரானைப் போலக் கடிக்கும்.

உண்மை: கடிக்காது. பூரான் வேட்டையாடி உண்பது. இரையின் உடலில் நஞ்சைச் செலுத்தத் தலைக்குக் கீழே கூரிய கொடுக்குகள் வைத்திருக்கிறது. மரவட்டைக்குக் கொடுக்கு கிடையாது. அதன் தாடைகள் மட்கிய இலையையும் உளுத்த மரத்தையும் அரைப்பதற்கானவை. இரண்டையும் பிரித்தறிவதும் எளிது. பூரானுக்கு ஒரு கண்டத்தில் ஒரு சோடிக் கால். மரவட்டைக்குப் பெரும்பாலான கண்டங்களில் இரண்டு சோடி. தொட்டால் பூரான் விரைந்து ஓடும், மரவட்டை சுருண்டுகொள்ளும்.

நம்பிக்கை: அதற்கு ஆயிரம் கால்கள்.

உண்மை: பெரும்பாலான இனங்களுக்கு 400 கால்கள்கூட இருக்காது. முட்டையிலிருந்து வரும் குஞ்சுக்குப் பொதுவாக மூன்றே சோடிக் கால்கள். தோலுரிக்கும்போதெல்லாம் புதிய கண்டங்களும் கால்களும் சேரும். நீண்ட காலம் கலிபோர்னியாவின் ஓர் இனம் 750 கால்களோடு முதலிடத்தில் இருந்தது. மேற்கு ஆஸ்திரேலியாவின் சுரங்கப் பகுதியில், கனிமம் தேடித் துளைத்த ஆழ்துளை ஒன்றில், சுமார் 60 மீட்டர் ஆழத்தில் கிடைத்த மரவட்டை அந்தக் கணக்கை மாற்றியது. கண்களற்று, நூல்போல் வெளிறிய அந்தப் பெண் மரவட்டைக்கு 1,306 கால்கள். யூமில்லிபீஸ் பெர்செஃபோனி என்று 2021இல் அதற்குப் பெயரிட்டார்கள்.

நம்பிக்கை: தொட்டாலே விஷம்.

உண்மை: இதில் பாதி சரி. மரவட்டைகள் பலவற்றின் பக்கவாட்டில் சுரப்பிகள் உண்டு. உருண்டை உடல் கொண்ட பல இனங்கள் குயினோன் வகை வேதிப்பொருளைக் கசியவிடும். தட்டை உடல் இனங்கள் சிறிதளவு ஹைட்ரஜன் சயனைடு வெளியிடும். எறும்பை விரட்ட அது போதும். மனிதர் தோலில் பழுப்புக் கறையும் எரிச்சலும் உண்டாகலாம். சோப்புப் போட்டுக் கழுவினால் போதும். கண்ணில் படாமல் மட்டும் கவனம் வேண்டும், அதிலும் குழந்தைகளுக்கு. மடகாஸ்கரின் லெமூர்கள் மரவட்டையைக் கடித்து, கசியும் சாற்றைத் தங்கள் உடலில் தேய்த்துக்கொள்கின்றன. பூச்சிகளை அண்டவிடாத மருந்தாக அது பயன்படுகிறது என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

நம்பிக்கை: வீட்டுக்குள் பெருகும், தோட்டத்தை அழிக்கும்.

உண்மை: மரவட்டை ஈரத்தை நம்பி வாழ்வது. அதன் ஓட்டின் மேல் நீரிழப்பைத் தடுக்கும் மெழுகுப்பூச்சு போதாது. மண் நீரில் ஊறிப்போனால் மேலேறி வரும். உலர்ந்த அறைக்குள் மாட்டிக்கொண்டால் காய்ந்து சாகும். இளநாற்றையும் கிழங்கையும் எப்போதாவது கொறிப்பதுண்டு. ஆனால் அதன் முதன்மை உணவு உதிர்ந்த சருகுதான். மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளில் பந்தாகச் சுருளும் ஆர்த்ரோஸ்ஃபேரா மரவட்டைகள் சருகை அரைத்து எச்சமாக்குகின்றன. நுண்ணுயிர்கள் அதை எளிதாகச் சிதைத்து மண்ணுக்குச் சத்தாகத் திருப்பித் தருகின்றன.

ஆகவே உப்பும் மண்ணெண்ணெயும் வேண்டாம். துடைப்பத்தால் முறத்தில் தள்ளி மரத்தடிச் சருகில் விட்டுவிடலாம். வாசலை ஒட்டிய ஈரச் சருகுக் குவியலை அப்புறப்படுத்தி, கதவின் அடி இடுக்கை அடைத்துவிட்டால், அடுத்த மழைக்கு வீட்டுக்குள் வருபவை குறையும்.