இருளிசையும் இழப்பிலா ஒலியும்

இசை கேட்போர் பலர். தாம் கேட்பது முழுமையானதோ குறையுற்றதோ என ஆராய்வோர் சிலரே. ‘டார்க் சிந்த்வேவ்’ என்னும் இசைவகையைச் சான்றாகக் கொண்டு அதனை ஈண்டுச் சிறிது ஆராய்வாம்.

இவ்விசை சிந்தசைசர் என்னும் மின்னிசைக் கருவியால் எழுப்பப்படுவது. 1978-இல் வெளிவந்த ‘ஹாலோவீன்’ என்னும் அமெரிக்கத் திரைப்படத்திற்கு அதன் இயக்குநர் ஜான் கார்ப்பெண்டர் தாமே அமைத்த இசை போன்ற அச்சந்தரும் படவிசைகள் இதற்கு ஊற்றாயின. பிரான்சு நாட்டினராகிய பெர்ட்டர்பேட்டர், கார்ப்பெண்டர் புரூட் என்னும் புனைபெயருடையார் இருவரும் 2012 முதல் இதனை வளர்த்தனர். தாழ்ந்த தொனி நிலம் அதிர முழங்க, உயர்ந்த தொனி அதன்மேல் கூர்மையாய் ஒலிப்பது இதன் இயல்பு.

குறுந்தகட்டில் ஒலியை நொடிக்கு 44,100 முறை அளந்து, ஒவ்வோர் அளவையும் 16 பிட்டுகளாற் குறிப்பர். இரு செவிக்கும் சேர்த்து நொடிக்கு 14,11,200 பிட்டுகள் ஆம். இதனைச் சுருக்கும் வழி இரண்டு. எம்.பி.3 முறை, பேரொலியின் மறைவில் நிற்கும் சிற்றொலி செவிக்குப் புலப்படாதெனக் கொண்டு அதனைக் களையும். 128 கிலோபிட் அளவில் எஞ்சுவது பதினொன்றில் ஒரு பங்கே. 2001-இல் முழுவடிவு பெற்ற ஃப்ளாக் முறையோ, முன்வந்த அளவுகளால் அடுத்த அளவை உய்த்துணர்ந்து, வேறுபாட்டை மட்டும் எழுதி வைக்கும். விரிக்குங்கால் ஒரு பிட்டும் குறையாது. ஆடையை மடித்துப் பெட்டியில் வைத்தல் ஃப்ளாக். கரையைக் கிழித்துச் சிறிதாக்குதல் எம்.பி.3.

இவ்வேறுபாட்டை எளிதில் உணர்வேன் என்று நண்பரிடம் பன்முறை வாதிட்டவன் யான். ஒருநாள் இரவு என் அறைத்தோழர் இன்னதெனக் கூறாது மாற்றி மாற்றி இயக்க, கண்மூடிக் கேட்டேன். 128 கிலோபிட் வடிவை உடனே கண்டுகொண்டேன். தாளத்தட்டின் நுண்ணொலி நீரிற் கலங்கினாற்போல் இருந்தது. 320 கிலோபிட் வடிவையும் ஃப்ளாக்கையும் வைத்தபோதோ, இருபது முறையில் பதினொரு முறையே சரியாகச் சொன்னேன். காசைச் சுண்டிக் கூறியிருப்பினும் அவ்வளவு வாய்த்திருக்கும். நாணினேன்.

மேலும், இவ்விசையை ஆக்குவோர் முழக்கம் மிகவேண்டி, ஒலியின் ஏற்றத்தாழ்வைத் தாமே நெருக்கி அமைக்கின்றனர். அங்ஙனம் நெருங்கியதை இழப்பிலா வடிவு விரித்துத் தாராது. உள்ளதை உள்ளவாறே தரும்.

ஆயின் அதனாற் பயன் யாது? காத்தலே பயன். எம்.பி.3-ஐ மீண்டும் மீண்டும் வேறு வடிவாக்கின், ஒவ்வொரு முறையும் சிறிது தேயும். முழுப்படி கையில் இருப்பின் எத்தனை முறை படியெடுப்பினும் மூலம் கெடாது. எனவே, காத்தற்கு இழப்பிலா வடிவைக் கொள்க. கேட்டற்கு ஊன்றிய உள்ளத்தைக் கொள்க. செவியின் ஆற்றலைப் பேசுமுன் அதனைச் சோதித்து அறிதல் மாணாக்கராகிய நமக்குக் கடனாம்.