முருகனைப் பாடிய பேய்



ராத்திரி தனியா இருக்கும்போது பயம் வந்தா நாம உடனே சொல்றது கந்த சஷ்டி கவசம்தான். கொள்ளிவாய்ப் பேய், குறளைப் பேய், புழக்கடை முனி என்று அதில் ஒரு பட்டியலே உண்டு. எல்லாம் ஓட வேண்டியவை.

ஆனா அதற்குப் பல நூற்றாண்டு முந்தைய திருமுருகாற்றுப்படையைப் படிச்சுப் பாருங்க. நக்கீரர் காட்டும் போர்க்களத்தில் ஒரு பேய்மகள் வருகிறாள். காய்ந்த தலைமுடி, கோணல் பல், பெரிய வாய், சுழலும் கண். காதில் ஆந்தையும் பாம்பும் தொங்குது! பார்த்தாலே குலை நடுங்கும். கையில் ஒரு தலையை ஏந்திக்கொண்டு, முருகன் வென்ற களத்தைப் பாடி, துணங்கை ஆடுகிறாள். கைகளை மடக்கி விலாவில் அடித்து ஆடும் பழைய கூத்து அது. நக்கீரர் அவளை விரட்டவே இல்லை.

எனக்கு உடனே காரைக்கால் அம்மையார் ஞாபகம் வந்தது. பேய் வடிவத்தைக் கேட்டு வாங்கி, தன்னையே 'காரைக்கால் பேய்' என்று பாடியவர். ரெண்டு பேர் பாடலும் பதினோராம் திருமுறையில்தான் இருக்கு.

317 அடியையும் பார்த்து மலைக்க வேண்டாம். பேய்மகள் முதல் பகுதியான திருப்பரங்குன்றத்திலேயே வந்துடுவாள். இந்த சஷ்டிக்கு, கவசம் சொல்லி முடிச்சதும் அதையும் ஒருமுறை வாசிங்க.