சிவப்பு லைட் எரிந்தால் என்ன அர்த்தம்?

எங்க ஊர் ஏழாயிரம்பண்ணையில் வெளிச்சம்னா மத்தாப்பு, பூச்சட்டிதான். போன லீவில் ஊருக்குப் போனப்ப, வீட்டு ஃபைபர் பெட்டியில் எல்.ஓ.எஸ். லைட் சிவப்பா மின்னிட்டு இருந்தது. ஒளி வந்து சேரலைன்னு அர்த்தம். தம்பி நாலு தடவை ஆஃப் பண்ணி ஆன் பண்ணான். ஒண்ணும் நடக்கல.

அந்தப் பெட்டிக்குள் ஒரு ஆப்டிகல் மாட்யூல் இருக்கு. அதில் லேசர் டயோடு மின்சிக்னலை ஒளியா மாற்றி அனுப்பும். போட்டோடயோடு, வருகிற ஒளியை மறுபடி மின்சிக்னலாக்கும். ஜிபான் முறையில் நாம அனுப்புறது 1310 நானோமீட்டர், நமக்கு வர்றது 1490. அலைநீளம் வேற என்பதால் ஒரே இழையில் இரண்டும் குழம்பாமல் போகும்.

இப்போ ஒரு வரவு செலவுக் கணக்கு:

எக்ஸ்சேஞ்ச் அனுப்புவது: +3 டிபிஎம் (2 மில்லிவாட்)
32 வீட்டுக்குப் பிரிக்கும் ஸ்ப்ளிட்டர்: −17 டிபி
10 கி.மீ. இழை, கி.மீ.க்கு 0.3 வீதம்: −3 டிபி
கனெக்டர், ஒட்டு: −2 டிபி
வீட்டுக்கு வருவது: −19 டிபிஎம்

அதாவது 0.013 மில்லிவாட்தான்! பி பிளஸ் வகை மாட்யூலுக்கு −27 வரை போதும். கையிருப்பு 8 டிபி.

லைன்மேன் அண்ணன் மீட்டர் வச்சுப் பார்த்தார்: −31. வெள்ளையடிக்க நகர்த்தின பீரோ, இழையை மடக்கியிருந்தது. மடிப்பில் ஒளி வெளியே கசிஞ்சிடும். நிமிர்த்தியதும் −20.

ஒரு எச்சரிக்கை: கழற்றின ஃபைபர் முனையைக் கண்ணுக்கு நேரா வச்சுப் பார்க்காதீங்க. இது அகச்சிவப்பு ஒளி, கண்ணுக்குத் தெரியாது. மத்தாப்புன்னா கூசும்போதே முகத்தைத் திருப்பிடுவோம். இதில் அந்த வாய்ப்பே இல்லை.