வேத பாடம்: ‘கம்ஃபர்ட்’ என்றால் மெத்தையா?



சில மாதங்களுக்கு முன்பு நம்முடைய சபை சகோதரி ஒருவரின் கணவர் திடீரென்று கர்த்தருக்குள் நித்திரையடைந்தார். மூன்றாம் நாள் நான் போய், பாயில் உட்கார்ந்து, வசனம் வாசித்து, ஜெபித்து, "கர்த்தர் ஆறுதல் தருவார்மா" என்று சொல்லி எழும்பினேன். அந்த அம்மா மெதுவாய்க் கேட்டார்கள்: "பாஸ்டர், ஆறுதல் சொல்லிட்டீங்க. நாளைக்கு பேங்குக்குப் போகணும். எனக்குக் கையெழுத்து மட்டுந்தான் போடத் தெரியும். கூட யாரு வருவா?" எனக்குப் பதில் வரவில்லை. பைபிள் காலேஜில் டிப்ளமோ வாங்கினவன் நான்!

அன்று ராத்திரி தூக்கம் பிடிக்காமல் யோவான் 14:16-ஐத் திறந்தேன். தமிழில் ‘தேற்றரவாளன்’ என்றிருக்கிற இடத்தில், 1611-ல் வெளிவந்த கிங் ஜேம்ஸ் ஆங்கில வேதாகமத்தில் ‘கம்ஃபர்ட்டர்’ என்றிருக்கிறது. இன்றைக்குக் கம்ஃபர்ட் என்றால் நமக்கு மெத்தையும் ஏ.சி.யும்தான் ஞாபகம் வரும். அமெரிக்காவில் கட்டில்மேல் விரிக்கிற தடித்த போர்வைக்கே கம்ஃபர்ட்டர் என்றுதான் பேர்!

ஆனால் அந்த வார்த்தை மெத்தையில் பிறக்கவில்லை. லத்தீனில் ‘ஃபோர்ட்டிஸ்’ என்றால் பெலமுள்ளது. அதிலிருந்து வந்த ‘கோன்ஃபோர்ட்டாரே’ என்றால் நன்றாய்ப் பெலப்படுத்துவது. அதுவே பிரெஞ்சு வழியாய் ஆங்கிலத்தில் கம்ஃபர்ட் ஆனது. கோட்டையாகிய ஃபோர்ட், பிரயாசமாகிய எஃபர்ட், ஃபோர்ஸ் எல்லாம் இதற்குச் சொந்தக்காரர்களே. பிலிப்பியர் 4:13-ல் கிறிஸ்து தன்னைப் பெலப்படுத்துவதாகப் பவுல் சொல்லுகிற இடத்தில், லத்தீன் வேதாகமத்தில் இருப்பது இந்த வினைச்சொல்தான்.

ஒரு வேடிக்கை கேளுங்கள். 1066-ல் நடந்த ஹேஸ்டிங்ஸ் யுத்தத்தைக் காட்டுகிற பழைய பூத்தையல் துணி ஒன்று பிரான்சில் பாயூ பட்டணத்தின் பேரால் வழங்குகிறது. நீளம் ஏறக்குறைய 70 மீட்டர். அதில் ஓடோ என்கிற பிஷப், குதிரைமேல் தடியோடு வாலிப வீரர்களை முன்னே போகத் தூண்டுகிறார். அவர் செய்வதற்கு மேலே தைத்திருக்கிற வார்த்தை ‘கோன்ஃபோர்ட்டாத்’! கையில் தடி, செய்வது கம்ஃபர்ட்! 1787-ல் எழுதின அமெரிக்க அரசியல் சட்டத்திலும், சத்துருவுக்குக் கம்ஃபர்ட் கொடுப்பது ராஜத்துரோகம். கண்ணீர் துடைப்பதை அல்ல, பலம் சேர்ப்பதைத்தான் அது சொல்லுகிறது.

வார்த்தை நாளடைவில் இளகிப்போனது. 1982-ல் முழுதாய் வெளிவந்த நியூ கிங் ஜேம்ஸில் ‘ஹெல்ப்பர்’ என்று போட்டார்கள். கிரேக்க மூலத்திலோ ‘பாராக்கிலேத்தோஸ்’, அதாவது பக்கத்தில் வந்து நிற்கும்படி அழைக்கப்பட்டவர். 1 யோவான் 2:1-ல் பரிந்து பேசுகிறவர் என்று வருவதும் இதே வார்த்தைதான்.

இதில் நம் தமிழ் மோசம்போகவில்லை. காய்ச்சலில் கிடந்த பிள்ளை எழுந்து நடந்தால் "தேறிட்டான்" என்கிறோம். தேறச் செய்வதுதான் தேற்றுவது. கலங்கின தண்ணீருக்குப் பானையின் உள்ளே தேற்றாங்கொட்டையைத் தேய்ப்பார்கள், சேறு அடியில் படிந்துவிடும். கொட்டை வெளியே இருந்துகொண்டு தண்ணீருக்குப் புத்தி சொல்லுகிறதில்லை, பாருங்கள். நானோ அந்த வீட்டில் அதைத்தான் செய்துவிட்டு வந்தேன்.

மறுநாள் காலை என் மனைவியையும் கூட்டிக்கொண்டு அந்த அம்மாவோடு பேங்குக்குப் போனேன். இறப்புச் சான்றிதழின் நகல் ஒன்று குறைந்தது, ஜெராக்ஸ் எடுக்க நான் ஓடினேன். வேலை முடிய மத்தியானம் ஆயிற்று. வருகிற செவ்வாய்க்கிழமை தாலுகா ஆபீசுக்குப் போகவேண்டும். மனு எழுதத் தெரிந்த சகோதரர் யாராவது இருந்தால், ஞாயிறு ஆராதனை முடிந்ததும் என்னைப் பாருங்கள்.